கேத்திக்கு வந்த வக்கீல் கமிஷனர்

கேத்தியில் எங்கள் காரட் நிலத்துக்கும் கீழ்த் தோட்டத்துக்கும் நடுவே வேலி போட்டது நான்தான். ரோட்டுக்கு ஏறும் நடைபாதையை அடைத்துவிட்டேன், தடுப்புச் சுவரையும் இடித்துவிட்டேன் என்று கீழ்த் தோட்டக்காரர் என்மேல் வழக்குப் போட்டார். சுவரை நான் தொட்டதுகூட இல்லை. அந்தக் கோபத்தில், அங்கே பாதையே இருந்ததில்லை என்று பதில் மனுவில் எழுதச் சொல்லிவிட்டேன்.

“நேர்ல பாத்து அறிக்கை தர ஒரு வக்கீல் கமிஷனரை நியமிக்கச் சொல்லி கோர்ட்டுல கேக்கலாமுங்க” என்றார் என் வக்கீல். உரிமை யாருக்கு என்பதை நீதிமன்றம்தான் சொல்லும். நிலத்தில் கண்டதை எழுதித் தருவது மட்டுமே கமிஷனர் வேலை என்றும் விளக்கினார். கேட்டது நாங்கள் என்பதால் எழுதுவதும் எங்களுக்குச் சாதகமாகத்தான் இருக்கும் என்று நான் கணக்குப் போட்டேன்.

நியமிக்கப்பட்டவர் குன்னூரிலிருந்து வந்த இளம் பெண் வக்கீல். பஸ் நிறுத்தத்துக்கு ஜீப் அனுப்பியிருந்தேன். அதில் ஏறாமல் இரண்டு மைல் இறக்கத்தையும் நடந்தே வந்தார்.

“தப்பா நெனைச்சுக்காதீங்க. ஒருத்தர் வண்டியில வந்து எறங்குனா இன்னொருத்தருக்கு மனசு சங்கடப்படுமுங்க.”

அன்று பத்தடிக்கு அப்பால் எதுவும் தெரியாதபடி பனிமூட்டம். அளக்க வந்திருந்த சர்வேயர் டேப்பைச் சுருட்டிக்கொண்டு, “இன்னொரு நாள் வெச்சுக்கலாம் மேடம்” என்றார்.

“ரெண்டு பக்கத்துக்காரங்களும் பொழப்பை விட்டுட்டு நிக்கிறாங்க. கொஞ்சம் பாக்கலாம்.”

அந்தக் கொஞ்சம் இரண்டு மணி நேரமானது. என் டீயையும் வேண்டாம் என்றார், கீழ்த் தோட்டக்காரர் டீயையும் வேண்டாம் என்றார். சில்வர் ஓக் மரத்தடியில் நின்றபடி, நாங்கள் சொன்னதைத் தனித்தனியாகக் கேட்டு எழுதிக்கொண்டார்.

மூட்டம் விலகியதும் முதலில் சரிந்த சுவருக்குப் போனார். பெரணிச் செடிகளை விலக்கிக் கல் இடுக்கில் கையை வைத்தார். விரல் நனைந்து வந்தது.

“இந்த ஊத்து எப்பவும் வருதுங்களா?”

கீழ்த் தோட்டக்காரர் தயங்கினார். “மழைக்கு வருமுங்க. சுவத்துக்குப் பின்னால ரொம்ப வருசமா இருக்குது.”

அதையும் எழுதினார். சுவரை இடித்தது நானில்லை என்று ஆனதில் எனக்கு மனம் குளிர்ந்தது. அங்கிருந்து மேலே ஏறி வந்தவர், வேலியோரப் பாத்தி அருகே நின்றார். மற்ற இடமெல்லாம் காரட் தழை முழங்கால் உயரம் இருக்க, அந்த ஒரு கீற்றில் மட்டும் வெளுத்துக் குன்றியிருந்தது.

“இது மட்டும் ஏனுங்க வளரல?”

நான் வேலிப் பக்கம் திரும்பிக்கொண்டேன். சர்வேயரின் கம்பியை வாங்கி அவரே குத்திப் பார்த்தார். டங்கென்று கல்லில் பட்டது. எங்கள் இருவரிடமும் சம்மதம் கேட்டு மண்ணை விலக்கச் சொன்னார். ஒரு படி தெரிந்தது, அதன் கீழே இன்னொன்று. மொத்தம் ஐந்து கற்படிகள். மண் கொட்டி மூடியவன் நான்தான்.

‘பாதையே இல்லைன்னு சொன்னீங்களே’ என்று கேட்பார் என்று தலை குனிந்து நின்றேன். அவர் கேட்கவில்லை, முகமும் மாறவில்லை. படிகளை அளந்தார், படம் எடுத்தார். கடைசியில் எழுதியது முழுவதையும் எங்கள் எதிரிலேயே வாசித்தார்.

“விட்டுப் போனது, இல்லாததை எழுதுனது ஏதாவது இருந்தா இப்பவே சொல்லிடுங்க.”

இருவரும் அதில் கையெழுத்துப் போட்டோம்.

நீதிமன்றத்தில் அவர் கொடுத்த அறிக்கையின் நகலை மூன்று முறை படித்தேன். சுவரில் இடித்த அடையாளம் இல்லை, பின்னால் ஊற்று நீர் கசிகிறது. வேலியோரம் ஐந்து கற்படிகள், அவற்றின்மேல் ஒரு சாண் மண், மண்ணில் காரட் பயிர். என்னைக் குற்றம் சொல்லும் ஒரு சொல்லும் அதில் இல்லை; என்னைத் தப்பவிடும் ஒரு சொல்லும் இல்லை. செய்யாததற்கு நான் பட்ட கோபத்துக்கும், செய்ததற்குப் பட வேண்டிய வெட்கத்துக்கும் ஒரே தாளில் இடம் கொடுத்திருந்தார். அவரைவிட இருபது வயது மூத்தவன் நான். அவர் எங்கள் இருவரையும் பார்த்த அந்த நேர்மையோடு பக்கத்து நிலத்துக்காரரை நான் ஒருநாளும் பார்த்ததில்லை.

“ஆட்சேபனை போடலாமுங்க” என்றார் என் வக்கீல்.

“எதுக்குங்க? அவங்க எழுதுனது அத்தனையும் அங்க இருக்குதுங்களே.”

சமரசத்துக்குச் சம்மதம் என்று சொல்லி அனுப்பினேன். சுவர் பற்றிய புகாரைக் கீழ்த் தோட்டக்காரரும் விட்டுவிட்டார். பாதையைத் திறக்க வேலியை மூன்றடி உள்ளே தள்ளிப் போட்ட அன்று அவரே கடப்பாரையோடு ஏறி வந்தார். கடைசிப் படி ஆடிக்கொண்டிருந்தது. ஆளுக்கொரு பக்கம் பிடித்துத் தூக்கி, அடியில் சல்லிக் கல் போட்டு உட்கார வைத்தோம்.