அரை மணி பின்னால் போகும் கடிகாரம்

“பேய் வந்து கடிகாரத்தத் திருப்புமா? நீயெல்லாம் எப்படிலா யூனிக்கு வந்த?” என்று பல்கலைக்கழக விடுதியில் என் அறைத்தோழி கேட்டாள். எங்கள் குடும்பத்தில் ஆறாம் வகுப்பைத் தாண்டிப் படித்த முதல் ஆள் நான். அந்தப் பெருமை எனக்கு உண்டு. அதனால் கேள்வி சுருக்கென்றது. கதையைப் பாதியில் நிறுத்திவிட்டேன்.

கிள்ளானில் பெரியப்பா எடுத்திருந்த வாடகை வீட்டில் நாங்களும் இருந்தோம். அப்பா லோரி ஓட்டுநர். வாரத்தில் பாதி நாள் சாலையில்தான். அம்மாவுக்குப் பக்கத்து ஊரான மேருவில் தொழிற்சாலை வேலை. ஆகவே வீட்டில் எது நடக்கலாம், எது நடக்கக்கூடாது என்பதெல்லாம் பெரியப்பாவின் பொறுப்பு. அவருக்கு உதவியாக ஒரு பேயும் இருந்தது.

எங்களுக்கு முன் எப்போதோ அங்கே குடியிருந்த ரயில்வேக்காரர்தான் அந்தப் பேய். தீபகற்ப மலேசியா முழுவதும் கடிகாரத்தை அரை மணி முன்னால் தள்ளி வைத்த 1982 புத்தாண்டுக்கு ஒரு வாரம் முன்பு இறந்துபோனாராம். நேரம் மாறியது அவருக்குத் தெரியாது. அதனால் கூடத்துச் சுவர்க் கடிகாரத்தை அவ்வப்போது பழைய நேரத்துக்கு இழுத்து வைத்துவிடுவார். மாதம் ஒருமுறையாவது நடக்கும். சரியாக அரை மணி. ஒரு நிமிடம் கூடாது, குறையாது.

வேறு வீட்டில் பேட்டரியை மாற்றியிருப்பார்கள். பெரியப்பா மரியாதை செய்தார். “பஞ்சாங்கம் சூரியனப் பாத்து எழுதுனது. கவர்மெண்டு சூரியனக் கேட்டா மாத்துச்சு? அவரு வெக்கிற நேரந்தான் அசல்” என்பார். வேலைக்கும் பள்ளிக்கும் கைபேசி நேரம், ராகு காலத்துக்குக் கூடத்துக் கடிகாரம் என்பது எங்கள் வீட்டுச் சட்டம். கடிகாரம் பின்னால் போன நாளில் ராகு காலமும் அரை மணி தள்ளிப்போகும்.

எனக்குப் பெரியப்பாமீதுதான் சந்தேகம். அவர் குளித்துக் கிளம்பத் தாமதமாகிற நாளாகப் பார்த்து ரயில்வேக்காரர் ஏன் வர வேண்டும்? ஒருமுறை கடிகாரத்தின் விளிம்பில் முகப்பவுடர் தூவி வைத்தேன், விரல் பதியட்டும் என்று. சாயங்காலம் பார்த்தால் அம்மா தூசி என்று நினைத்துத் துடைத்துவிட்டிருந்தாள். துப்பறிதல் அத்தோடு முடிந்தது.

ஆறாம் வகுப்பு முடிகிற சமயத்தில், கோலாலம்பூரில் ஒரு விடுதிப் பள்ளியிலிருந்து நேர்முகத் தேர்வுக்குக் கடிதம் வந்தது. வகுப்பில் எனக்கு மட்டும்தான். திங்கட்கிழமை காலை ஒன்பதரைக்கு அங்கே இருக்க வேண்டும். எட்டு மணி ரயிலைப் பிடிக்க ஏழே முக்காலுக்குள் வீட்டைவிட்டுக் கிளம்ப வேண்டும். ஞாயிறு சாயங்காலம் கூடத்தில் நிமிர்ந்து பார்த்தேன். கடிகாரம் அரை மணி பின்னால் இருந்தது.

நான் ரயிலைத் தவறவிட வேண்டுமென்று பெரியப்பா திட்டமிடுகிறார் என்று முடிவு கட்டினேன்; ராகு காலம் என் நினைவிலேயே இல்லை. திங்கள் காலை அம்மா குளிக்கப் போனதும் நாற்காலியில் ஏறி, கைபேசியைப் பார்த்து முள்ளைச் சரியாகத் திருப்பி வைத்தேன். கெட்டிக்காரத்தனத்தில் நெஞ்சு நிமிர்ந்திருந்தது.

ஏழு நாற்பதுக்கு அம்மா என் சான்றிதழ் கோப்போடு கூடத்துக்கு வந்தாள். சுவரைப் பார்த்தாள். கோப்பு கையிலிருந்து நழுவியது.

“யாராச்சும் மணியத் தொட்டீங்களா?”

“இல்லம்மா” என்றேன்.

பெரியப்பாவும் நிமிர்ந்து பார்த்தார். திங்கட்கிழமை ஏழரை முதல் ஒன்பது ராகு காலம். எழுந்து போய் கேட்டைப் பூட்டினார்.

“மாமா, ஒன்பதரைக்கு அங்க இருக்கணும். நேத்து பின்னாடிதான போயிருந்துச்சு...” என்றாள் அம்மா பெரியப்பாவிடம்.

“இன்னிக்கு அவரே சரியா வெச்சிருக்காரும்மா. போவாதன்னு சொல்றாரு. ஒன்பதுக்கு மேல போங்க. ஸ்கூலு என்ன, ஓடியா போயிடும்?”

பள்ளி ஓடவில்லை. நாங்கள் போய்ச் சேர்ந்தபோது பதினொன்று. பட்டியலை மூடியாகிவிட்டது என்று சொல்லி, வாசலில் இருந்த பெண் எங்களுக்குத் தண்ணீர் கொடுத்தாள். திரும்பும் ரயிலில் அம்மா கோப்பை மடியில் வைத்துக்கொண்டு உட்கார்ந்திருந்தாள். நான் பெரியப்பாவை மனத்துக்குள் திட்டிக்கொண்டே வந்தேன்.

கிள்ளானிலேயே படித்தேன். பல்கலைக்கழகக் கடிதம் வந்த அன்று அம்மா அந்தக் கடிகாரத்துக்கு நேரே கற்பூரம் ஏற்றி, “இந்தத் தடவ விட்ருங்கய்யா” என்று கும்பிட்டாள். பிறகு என்னிடம் மெல்லிய குரலில் சொன்னாள். “அன்னிக்கு நான்தான் மணியப் பின்னாடி தள்ளி வெச்சேன். அப்பதான ஒங்க பெரியப்பா வெளிய விடுவாரு? செத்தவரு பேரச் சொல்லி ஏமாத்துனேன். அவரு திருப்பி வெச்சுட்டாரு. என்னாலதான் ஒனக்கு அந்த எடம் போச்சு.”

அப்போதும் நான் வாயைத் திறக்கவில்லை. அதன் பிறகு என் காரியம் எதிலும் அம்மா தலையிடுவதில்லை. தன் கை பட்டால் கெட்டுவிடும் என்கிறாள்.

மற்ற மாதங்களில் முள்ளை நகர்த்தியது யார் என்று இன்றும் தெரியாது. பெரியப்பா என்றே நினைக்கிறேன். பன்னிரண்டு வயதில் என்னைத் தடுக்கும் கையை மட்டுமே தேடினேன். என்னை அனுப்பிவைக்கவும் ஒரு கை திருட்டுத்தனமாக வேலை செய்யும் என்று எனக்குத் தோன்றவே இல்லை.

இன்று மதியம், கோலாலம்பூர் பிரிக்பீல்ட்ஸில் நான் வேலை பார்க்கும் அலுவலகப் படிக்கட்டில் உட்கார்ந்து அம்மாவுக்கு வாட்ஸ்அப்பில் குரல் பதிவு அனுப்பினேன். நான்கு நிமிடம். முதல் வாக்கியத்திலேயே சொல்லிவிட்டேன்: “அம்மா, திருப்பி வெச்சது நான்.” அவள் கேட்டுவிட்டாள். பதிவின் ஓரத்தில் இருந்த மைக் குறி நீலமாகிவிட்டது.