அம்மை வைத்த களா வேலி

ஆஸ்திரேலியாவில், டவுன்ஸ்வில்லில் நான் வேலை பார்க்கும் முதியோர் இல்லத்துக்கு எதிரே ஒரு பூங்கா. அதன் மூலையில் ஒரு முள்செடிக்குக் கம்பி வேலி போட்டிருக்கிறார்கள். வீட்டுக்கு முள்ளால் வேலி போடுவதுதான் கேரள எல்லையோரத்து எங்கள் குன்னத்துகாலில் வழக்கம். முள்ளுக்கே வேலி போடுவதை இந்த ஊரில்தான் கண்டேன். கிட்டப் போய்ப் பார்த்தால், களா! மல்லிகை மாதிரி வெள்ளைப் பூ, அதே வாசம், கிள்ளினால் பால், கறுத்துப் பழுத்த சிறு பழம். 'கரண்ட் புஷ் (Currant Bush), இம்மண்ணின் செடி' என்று பலகை வேறு. கம்பிக்கு வெளியே நீண்டிருந்த கொம்பில் ஒரு பழம் பறித்து வாயில் போட்டேன்.

பூங்காவில் தண்ணீர் ஊற்றிக்கொண்டிருந்த தொண்டர் அம்மாள் விரைந்து வந்தாள். "இது நேட்டிவ் செடி, பறிக்கக் கூடாது" என்றாள். "எங்கள் ஊரிலும் இது நேட்டிவ்தான்" என்றேன். அவள் வேறு விதமாக எடுத்துக்கொண்டாள். "தயவுசெய்து உங்கள் ஊர்ச் செடிகளை இங்கே கொண்டுவந்து நட்டுவிடாதீர்கள். வெளியிலிருந்து வந்தவைதான் எங்களுக்குப் பெரிய தொல்லை." குழந்தைக்குச் சொல்வதுபோல நிதானமாகச் சொன்னாள். எனக்குக் காது சூடாகிவிட்டது. செடிக்குப் பலகையும் காவலும் வைத்த நாடு, அதே செடிக்கு நடுவில் வளர்ந்தவளைக் களை கொண்டுவருகிறவள் என்கிறது.

ஊரில் மட்டும் என்ன வாழ்ந்தது?

அப்பா சாகும்போது நான் கைக்குழந்தை. அண்ணன் அப்போதுதான் பள்ளிக்கூடம் போகத் தொடங்கியிருந்தான். மதில் கட்ட வசதியில்லை. இளம் விதவை தனியாக இருக்கும் வீடு என்றால் கதவைத் தட்டிப் பார்க்க ஆள் உண்டு. தண்ணீர் கேட்டு வந்து முற்றத்தை விட்டு எழுந்து போகாதவர்கள் உண்டு. ஞாயிறுதோறும் சர்ச்சில் முன்வரிசையில் உட்காரும் ஒருவரும் அதில் உண்டு. அம்மை யாரிடமும் முறையிடவில்லை. குன்றுச் சரிவில் களாக் கன்றுகளைப் பிடுங்கி வந்து வீட்டைச் சுற்றி நெருக்கி நட்டாள். அவை ஆளுயரம் வளர்ந்த பிறகுதான் கதவைத் திறந்துவைத்துக் கஞ்சி காய்ச்சினேன் என்று அவளே என்னிடம் சொல்லியிருக்கிறாள்.

அம்மை இப்போது இல்லை. போன விடுமுறையில் நான் ஊருக்குப் போனபோது, அண்ணன் மகள் ஜெனிக்கு நெய்யாற்றின்கரையில் சம்பந்தம் கூடியிருந்தது. பெண் பார்க்க வந்தவர்கள் வேலியைப் பார்த்து "காடாணல்லோ", காடாக அல்லவா இருக்கிறது, என்று சிரித்தார்களாம். நான் போய்ச் சேர்ந்த மறுநாளே வேலியைப் பிடுங்க ஜேசிபி வந்து நின்றது.

"அண்ணா, அம்மை வச்ச வேலியாக்கும். எதுக்கு வச்சான்னு அண்ணனுக்குத் தெரியாதா?"

"தெரிஞ்சதுனாலதான் மக்கா. வாறவன் போறவனெல்லாம் இவ்வளவு முள்ளு எதுக்குன்னு கேக்கணுமா? நான் நின்னு பதில் சொல்லணுமா?"

"வெக்கப்பட வேண்டியவ அம்மையா?"

அண்ணனின் முகம் மாறியது. "எப்பவாவது வாற உனக்கு இதில என்ன அவகாசம் உண்டு? நீ இப்ப ஆஸ்திரேலியாக்காரியாக்கும்."

அவகாசம் என்றால் எங்கள் பக்கத்தில் உரிமை. நான் இயந்திரத்துக்கு முன்னால் போய் நின்றேன். டிரைவர், "சேச்சி, மாறி நில்லு" என்று கெஞ்சினான். "ஊரு பாக்குது, உள்ள வா" என்று மதினி கையைப் பிடித்து இழுத்துப்போனாள். மத்தியானத்துக்குள் எல்லாம் முடிந்தது. பூவும் பாலும் மண்ணுமாக அள்ளி லாரியில் போட்டார்கள்.

நிச்சயத்தன்று மாப்பிள்ளையின் அப்பா, வேலி நின்ற இடத்தில் அவசரமாக எழுப்பிய புது மதிலைத் தட்டிப் பார்த்து, "இப்பழாணு ஒரு வீடாயது", இப்போதுதான் இது ஒரு வீடானது, என்றார். எனக்குப் பொறுக்கவில்லை. "முன்னேயும் வீடுதான்" என்று தொடங்கி, அம்மை களா நட்ட கதையை, தட்டப்பட்ட கதவை, விருந்துக்கு வந்திருந்த அந்தச் சர்ச் முன்வரிசைக்காரர் உட்பட அத்தனை பேருக்கும் கேட்கும்படி சொன்னேன். முன்வரிசைக்காரர் காபியைப் பாதியில் வைத்துவிட்டு எழுந்து போனார். சம்பந்தம் முறியவில்லை. அண்ணன்தான் என்னோடு பேச்சை முறித்துக்கொண்டான். விமான நிலையத்துக்கு வாடகைக் காரில் தனியாகப் போனேன். வெளிநாட்டில் இருந்துகொண்டு ஊர்க்காரியத்தில் தலையிடுகிறாள் என்று இதை வாசிக்கும் உங்களில் சிலரும் சொல்வீர்கள். சொல்லுங்கள். ஒரு பெண் தன்னைக் காத்துக்கொண்டதை அவமானம் என்று பெயர்த்தெடுக்கும் ஊரில் வாயை மூடிக்கொண்டு இருக்க என்னால் ஆகாது.

போன வாரம் ஜெனி ஒரு படம் அனுப்பினாள். மதிலுக்கு வெளியே, ரோட்டோரம், அறுபட்ட வேரிலிருந்து களா துளிர்த்திருக்கிறது. "அத்தே, வெட்டாண்டாம்னு அப்பாட்ட சொல்லியாச்சு. பாட்டி கதை எனக்கு இதுவரை யாரும் சொல்லல்ல" என்று எழுதியிருந்தாள். வேலை இடைவேளையில் அந்தப் படத்தைப் பெரிதாக்கிப் பெரிதாக்கிப் பார்த்தேன். அவள் ரோட்டில் நின்று எடுத்திருக்கிறாள். அதனால் மதில் மறைத்து எங்கள் வீட்டைக் காண முடியவில்லை. வெள்ளையடித்த மதிலும், அதன் அடியில் முள் விடத் தொடங்கிய இரண்டு கொம்பும் மட்டும் தெரிகின்றன.