கிளெண்டேலில் எழுந்த சிரிப்பு

என் அம்மாவோடு பிறந்தவர்கள் மூன்று பேர். கடைசிப் பெண் நெல்லி பாஸ்கோ. மற்றவர்களுக்கு அழகு வந்தது, நெல்லி சித்திக்குத் தாடை வந்தது. அந்தத் தாடைதான் ஹாலிவுட்டில் இருபத்திரண்டு வருஷம் அவளுக்குச் சோறு போட்டது.

படத்தில் கதாநாயகன் வாடகைக்கு அறை கேட்டுக் கதவைத் தட்டினால், திறப்பது சித்தியாகத்தான் இருக்கும். முப்பத்தோரு வயதிலேயே வேஷத்துக்காக முன்பற்களைப் பிடுங்கிக்கொண்டவள். பல்செட்டைக் கழற்றினால் அறுபது வயதுக்காரி. தாடையை நீட்டி ஒரு பார்வை பார்த்து, கதவை அறைந்து சாத்துவாள். தியேட்டரே குலுங்கும். முதலில் சிரிப்பது என் அப்பா ஹார்லன். டிராம் ஓட்டினவர். மணியடித்த மாதிரி சிரிப்பார்.

ஆயிரத்துத் தொள்ளாயிரத்து நாற்பத்து நான்கில், யுத்த சமயம், வாஸ்மர் என்கிற இயக்குநர் சித்தியைக் கூப்பிட்டு, மகன் செத்த தந்தியை வாங்குகிற தாயின் வேஷத்தைக் கொடுத்தார். வசனமே இல்லாத நாலு நிமிஷக் காட்சி.

"இது மட்டும் படத்துல நின்னுட்டா, இனிமே நான் கதவு சாத்த வேண்டாங்க்கா" என்றாள் சித்தி.

"நிக்காம எங்கடி ஓடிப்போவுது?" என்றாள் அம்மா.

அப்போதெல்லாம் படம் வெளிவருமுன், விளம்பரமில்லாமல் ஏதாவது ஒரு தியேட்டரில் போட்டுக் காட்டுவார்கள். ஜனங்களிடம் சீட்டும் பென்சிலும் கொடுத்து அபிப்பிராயம் கேட்பார்கள். அதைப் பார்த்துத்தான் எதை வெட்டுவது என்று தீர்மானம். பக்கத்து ஊரான கிளெண்டேலில் போடுகிறார்கள் என்று சித்திக்குத் துப்புக் கிடைத்தது. அப்பா, அம்மா, நான், மூவரும் கூடப் போனோம். சித்தி தொப்பியை இறக்கிவிட்டுக்கொண்டு எங்களோடு கடைசி வரிசையில் உட்கார்ந்தாள்.

திரையில் கதவு திறந்தது. சித்தியின் முகம் வந்தது. பக்கத்தில் அப்பா சிரித்துவிட்டார்.

வேண்டுமென்று இல்லை. இத்தனை வருஷப் பழக்கம். சட்டென்று வாயைப் பொத்திக்கொண்டார். அதற்குள் தியேட்டர் முழுக்கத் தொற்றிக்கொண்டது. திரையில் சித்தி தந்தியைப் பிரித்து அழுகிறாள், அழ அழச் சிரிக்கிறார்கள். "கதவச் சாத்து, கெழவி!" என்று ஒருத்தன் கத்தினான்.

நாங்கள் சீட்டில் நல்லதாகத்தான் எழுதிப் போட்டோம். மூன்று சீட்டு என்ன செய்யும்? செவ்வாய்க்கிழமை வாஸ்மர் போன் செய்தார்.

"நீ நல்லாத்தான் பண்ணினே நெல்லி. உன் மூஞ்சியப் பார்த்தா ஜனம் அழ மாட்டேங்குதே, நான் என்ன பண்ண?"

காட்சி போயிற்று.

அந்த ஞாயிற்றுக்கிழமை அப்பா தட்டைத் தொடாமல் உட்கார்ந்திருந்தார். "நான்தான் கெடுத்தேன், நெல்லி."

"விடுங்கத்தான். நீங்க சிரிக்கலேன்னா முன்வரிசையில எவனாவது சிரிச்சிருப்பான். உருளைக்கிழங்க இப்படித் தள்ளுங்க."

மறுபடி கதவு சாத்தப் போனாள். இன்னும் பதினொரு படம். அப்பா ஒன்றைக்கூட விடவில்லை. ஆனால் முழங்காலில் கையை வைத்துக்கொண்டு கல் மாதிரி உட்கார்ந்திருப்பார். சுற்றிலும் எல்லோரும் சிரிப்பார்கள். சித்தி படத்தைப் பார்க்கமாட்டாள், அவரைத்தான் பார்ப்பாள். ஒருநாள் படம் விட்டு வெளியே வந்ததும் நடைபாதையில் அவர் கோட்டைப் பிடித்துக்கொண்டாள்.

"அத்தான், இதுக்காவது சிரிங்களேன். எங்கிட்ட இருக்கிறது இது ஒண்ணுதானே."

அப்பா வாயைத் திறந்து பார்த்தார். சத்தம் வரவில்லை.