மணிலாவில் மூன்று இடது திருப்பங்கள்

எங்கள் நெய்வேலியில் எந்த பிளாக்கிலும் மூன்று முறை இடதுபக்கம் திரும்பினால் புறப்பட்ட தெருவுக்கே வந்துவிடலாம். எண்பதுகளில் பயிற்சிக்காக மணிலா போனபோது, அந்தத் தைரியத்தில்தான் கோட்டை நகரத்தைச் சுற்றிக் காட்டிய வழிகாட்டிப் பெண்ணை விட்டுப் படமெடுக்க நழுவினேன். மூன்றாவது திருப்பத்தில் தெரு மதில்சுவரில் முட்டி நின்றது!

கூரை ஓவியங்களுக்குப் பெயர்போன பழைய தேவாலயம்தான் நாங்கள் கடைசியாகப் பார்க்கவேண்டிய இடம்; அதை ஐந்து மணிக்கு மூடிவிடுவார்கள். மறுநாள் எங்களுக்கு விமானம். வழி கேட்டுக் கேட்டு ஓடிவந்தால், குழுவினர் யாரும் உள்ளே போகாமல் தேவாலய வாசலிலேயே எனக்காக நின்றிருந்தார்கள்.

"இன்னா சார், நம்ம பதினேழாம் பிளாக்குன்னு நெனச்சுக்கினு பூட்டீங்களா?" என்று சிரித்தார், கூடவந்த, எங்கள் ஊருக்குப் பக்கத்து முத்தாண்டிக்குப்பம் ஃபோர்மேன். "வுட்டுட்டுப் போலாம்னேங்க, அந்தம்மாதான் கேக்கல."

வழிகாட்டி கடிகாரத்தைப் பார்த்தார். "பத்து நிமிடம் இருக்கிறது, ஓடுவோம்!" என்றார்.

அந்தக் கூரை ஓவியங்களை நான் சரியாகப் பார்க்கவேயில்லை. எனக்காகக் காத்திருந்துவிட்டு மூச்சிரைக்க ஓடிய, பாதிப்பேரின் பெயர்கூட எனக்குத் தெரியாத அந்த மனிதர்களையே பார்த்துக்கொண்டிருந்தேன்.