வெள்ளைக்காரருக்கு ஓர் அர்ச்சனை

பிள்ளையார் புண்ணியத்தில் இன்று எனக்கும் ஒரு குடும்பம், கார்ஜ் என்ற பிரெஞ்சுப் புறநகரில் ஒரு வீடு என்று இருக்கிறது. கோயிலில் அர்ச்சனைத் தட்டை நீட்டும்போதெல்லாம் ஒரு வெள்ளைக்காரரின் ஞாபகம் வரும்.

அப்போது பிரெஞ்சுத் தலைநகரில், தமிழ்க் கடைகள் நிறைந்த லாச்சப்பலில் நாலாம் மாடியில் இருந்தோம். அப்பா உணவகத்தில் கோப்பை கழுவினார். முன்பு கொஞ்சக்காலம் லண்டனில் இருந்ததால் அவருக்கு ஆங்கிலம் விளங்கும். தமிழ்ச் சானலுக்கென்று பூட்டிய டிஷ்ஷில் லண்டன் சானலும் வந்தது. அதில் அரசியல் பேசும் அந்த மனிதருக்கு எங்கள் வீட்டில் சுவாமிப் படங்களுக்கு அடுத்த மரியாதை. முதலில் பாராளுமன்ற வாசலில் மழையில் நனைந்தபடி மைக் பிடித்து நின்றவராம். பிறகு நிலையத்துக்குள்ளே உட்கார்ந்து பேச ஒரு கதிரை கிடைத்ததாம். பிறகு தன் பெயரிலேயே நிகழ்ச்சி. சொந்தத் தம்பிக்கு உத்தியோகம் உயர்ந்ததுபோல அப்பா இதைச் சொல்லுவார். ஞாயிறு காலையில் அவர் இடது புருவத்தை உயர்த்தினால் எதிரே இருக்கும் மந்திரிக்கு வேர்க்கும்.

“கட்டின மனிசி கதைச்சா ஒருநாளும் இப்பிடிக் காது குடுத்ததில்லை,” என்பார் அம்மா.

“நீரும் அந்தாளைப்போலப் புருவத்தை உயர்த்தும், கேக்கிறன்.”

எனக்கு ஒன்பது வயதில் வன்னியில் சண்டை கடுமையானது. அங்கேயிருந்த சித்தப்பாவிடமிருந்து தொலைபேசி வருவது நின்றுபோனது. அவரைப் பற்றி யாராவது கதைத்தால் அப்பா எழுந்து பல்கனிக்குப் போய்விடுவார். அந்த நாட்களில் ஒரு ஞாயிறு, வெள்ளைக்காரர் எங்கள் சனத்தைப் பற்றி ஒரு மந்திரியிடம் கேட்டார். மந்திரி வேறெதையோ சொல்ல, விடாமல் திரும்பவும் கேட்டார். அன்று அப்பா சாப்பிடாமலே வேலைக்குப் போனார். அடுத்த கிழமையும் கேட்பார் என்று காத்திருந்தோம். கதிரையில் வேறொருவர் இருந்தார். வெள்ளைக்காரருக்கு நெஞ்சில் சத்திரசிகிச்சை என்றார்கள்.

அம்மாதான் கோயிலுக்குப் போவோம் என்றார். பிள்ளையாருக்கு முன்னால் அப்பா தட்டை நீட்டினார்.

“பேர்?” என்றார் ஐயர்.

அப்பா சொன்னார். ஐயர் நிமிர்ந்து பார்த்தார். “ஆர் உது?”

“லண்டன் ரிவியிலை கதைக்கிறவர் ஐயா. சுகமில்லை.”

“வெள்ளைக்காரரோ? சரி, பிள்ளையார் என்ன, விசா பாத்தோ வரம் குடுக்கிறவர்? நட்சத்திரம்?”

அப்பா தட்டிலிருந்த பூவைச் சரிசெய்தார். பிறகு, “உத்தரட்டாதி,” என்றார்.

அது சித்தப்பாவின் நட்சத்திரம். அவருடைய பிறந்தநாள் அர்ச்சனைக்கு வருஷாவருஷம் தட்டுப் பிடித்தவள் நான்.

“அப்பா, அது சித்தப்பாவின்ரையெல்லே?” என்றேன். அம்மா என் கையை அமத்தினார்.

“ரெண்டு பேருக்கும் ஒண்டுதான், மகள்,” என்றார் அப்பா.

தீபம் காட்டும்போது அப்பாவின் தோள்கள் குலுங்கின. சொந்தமில்லாத ஒருவருக்காக இப்படியா அழுவது என்று எனக்கு வெட்கமாகப் போய்விட்டது.

சில கிழமைகளில் வெள்ளைக்காரர் மெலிந்துபோய்த் திரும்பி வந்தார். புருவம் மட்டும் பழையபடி உயர்ந்தது. பிள்ளையார் கேட்டுவிட்டார் என்று நான் துள்ளினேன்.

“ஓம் மகள்,” என்றார் அப்பா, ரிவியைப் பார்த்தபடியே. “பாதி கேட்டிட்டார்.”

அந்த மனிதர் இன்னும் முழுதாகத் தேறவில்லை என்றுதான் நான் நினைத்துக்கொண்டேன்.