பாவாயி எழுந்திருக்கவில்லை

பாவாயிக்கு நாற்பத்தேழு வயது. ஊர் கரடியூர். மலைமேல் ஓர் ஆஸ்பத்திரியில் ஒப்பந்தத் துப்புரவுப் பணி. பதினொரு வருடங்களாகப் பிரசவ வார்டைக் கூட்டித் துடைக்கிறாள். அவள்மேல் எழுதப்பட்ட முதல் புகார், ஆய்வுக்கு அதிகாரி வந்தபோது எழுந்து நிற்கவில்லை என்பது. புகார் உண்மை.

ஆய்வு நடந்த வாரம் வார்டில் ஒரு குறைமாதக் குழந்தை இருந்தது. மாரமங்கலம் ரம்யாவின் பெண். சேலத்தில் மூன்று வாரம் கண்ணாடிப் பெட்டியில் இருந்தது. அங்கே இடம் போதவில்லை. மூச்சு நிற்பது குறைந்திருக்கிறது, மானிட்டரில் வைத்துக்கொள்ளுங்கள் என்று எழுதி மலைக்கு அனுப்பிவிட்டார்கள். எடை ஒன்றே முக்கால் கிலோ.

இப்படிப் பிறந்தவை தூக்கத்தில் மூச்சு விட மறந்துவிடும். ஐந்தாறு விநாடி என்றால் பயமில்லை. இருபதை நெருங்கினால் உதடு நீலமாகும். உள்ளங்காலைச் சுண்டினால் திடுக்கிட்டு மறுபடி இழுக்கும். சுண்டுவதற்கு, நின்றது யாருக்காவது தெரிய வேண்டும். மானிட்டர் அதற்குத்தான். மார்பில் ஒட்டிய ஒயர் மூச்சை எண்ணும். நின்றால் மிசின் கத்தும்.

வந்த அன்றே ரம்யா குழந்தையை முகம்வரை துண்டால் மூடினாள்.

"துணிய எடு கண்ணு."

"தூங்கற புள்ளயப் பாக்கக் கூடாதுங்கக்கா. கண்ணு பட்டுரும்."

"பட்டா பட்டுட்டுப் போவுது. எடு."

பாவாயி அதற்குமேல் விளக்கவில்லை. எஸ்டேட்டில் காப்பிப் பழம் பறித்துக்கொண்டிருந்த காலத்தில் அவளுக்கும் ஏழாம் மாதத்தில் ஒன்று பிறந்தது. தூங்குகிறது என்று கம்பளியால் மூடியிருந்தது. சாயங்காலம்வரை யாரும் விலக்கிப் பார்க்கவில்லை. மூடியவள் அவள்தான்.

ஆஸ்பத்திரி வாசலை ஒட்டிப் புதிதாக வெள்ளையடித்த பச்சிளங்குழந்தை அறை ஒன்று உண்டு. ஆக்சிஜன் குழாய் வராததால் அதில் ஒரு குழந்தையும் படுத்ததில்லை. மேலே அனுப்பிய அறிக்கையில் மட்டும் அங்கே இரண்டு மானிட்டர்கள் ஓடிக்கொண்டிருந்தன. ஒன்று எட்டு மாதமாகப் பழுது. மற்றது ரம்யாவின் குழந்தையிடம் இருந்தது.

ஆய்வு நாளன்று காலை பத்து மணிக்கு நர்ஸ் ஹேமலதா வந்து ஒயரைப் பிரித்தாள்.

"ஏனுங்க சிஸ்டர், எதுக்குக் கழட்டறீங்க?"

"அரை மணி நேரந்தான் பாவாயி. புது ரூம்ல ஒண்ணாவது எரியணுமாம். ஆபீசர் பாத்துட்டுப் போனதும் மாட்டிருவேன்."

"புள்ளகிட்டச் சொல்லீட்டீங்களா? அரை மணி நேரத்துக்கு மூச்ச நிறுத்தாம இரு சாமின்னு?"

ஹேமலதா ஒயரைச் சுருட்டினாள். அவள் கையில் கோப்பு இருந்தது. அன்றைய டியூட்டியில் அவள் ஒருத்திதான். அவளையும் அதிகாரியை வரவேற்க வாசலில் நிற்கச் சொல்லியிருந்தார்கள்.

பாவாயி துடைப்பத்தைச் சாத்திவிட்டுக் கைகளைச் சோப்புப் போட்டுக் கழுவினாள். கட்டிலருகே ஸ்டூலை இழுத்துப் போட்டு உட்கார்ந்தாள். குழந்தையின் வயிறு ஏறி இறங்குவதைப் பார்த்தாள். நின்றால் எண்ணினாள்.

10.40க்கு ஒரு முறை நின்றது. பதினைந்தில் சுண்டினாள். இழுத்தது. ரம்யா அழத் தொடங்கினாள். "அழுவறத அப்பறம் வச்சுக்க. நேரத்த எழுது" என்று காலண்டர் தாளைக் கிழித்துக் கொடுத்தாள் பாவாயி.

11.25க்கு இன்னொரு முறை.

அதிகாரி வரவில்லை. வரும் வழியில் காட்சிமுனை பார்க்கப் போயிருப்பதாக ஆபீஸ் கிளார்க் ராஜேந்திரன் வந்து சொல்லிவிட்டுப் போனார். பனி விலகினால்தான் கீழே சேலம் தெரியுமாம். காத்திருக்கிறார்களாம்.

வார்டுக்குள் அவர்கள் ஆறு பேராக நுழைந்தபோது மணி 1.10. மூச்சு மறுபடி நின்றிருந்தது; பாவாயி எண்ணிக்கையில் ஒன்பதில் இருந்தாள்.

"எந்திரி" என்றார் ராஜேந்திரன்.

பத்து. பதினொன்று.

"ஏம்மா, சார் வந்திருக்காருல்ல? காது கேக்கலயா?"

பாவாயி திரும்பாமல் இடது கையை மட்டும் தூக்கி, பொறு என்று காட்டினாள். பதினைந்தில் சுண்டினாள். இழுக்கவில்லை. மறுபடி சுண்டினாள். பதினெட்டில் குழந்தை கையைக் காலை உதறி மூச்சை இழுத்தது. பூனைக்குட்டி போல ஒரு சத்தம்.

"இவங்க யாரு?" என்றார் அதிகாரி.

"கான்ட்ராக்ட் சார். கூட்டறவங்க."

"கூட்டற ஆளு எப்படிக் குழந்தையைத் தொடலாம்?"

அவர் கண்ணில் பட்டது அது. கட்டிலின் தலைமாட்டில் மானிட்டர் ஸ்டாண்டு காலியாக நின்றது படவில்லை. அதைக் காட்டியிருக்க வேண்டிய ஐந்து பேரும் தரையைப் பார்த்தார்கள். அவர் எழுதிக்கொண்டார்.

மானிட்டர் நான்கு மணிக்குத் திரும்பி வந்தது. மேலே வரவேற்பு மாலையிலிருந்து உதிர்ந்த செவ்வந்தி இதழ்கள் ஒட்டியிருந்தன.

மறுநாள் மெமோ. அதிகாரியை அவமதித்தது, அனுமதியின்றி நோயாளியைத் தொட்டது. மூன்று நாளில் விளக்கம் தராவிட்டால் வேலை இல்லை. பாவாயிக்கு எழுத வரும். எட்டாவதுவரை படித்தவள். ஆனால் எதுவும் எழுதவில்லை. காலண்டர் தாளைக் கொண்டுபோய் ராஜேந்திரன் மேஜையில் வைத்தாள். 10.40. 11.25. 1.10.

"என்னம்மா இது? மன்னிப்பு எங்க?"

"அதுக்குக் கீழ எடம் கெடக்குதுங்க. அந்த மூணு நேரத்துலயும் மிசினு எங்க இருந்துச்சுன்னு நீங்க எழுதிக் கையெழுத்துப் போடுங்க. பொறவு நான் மன்னிப்புக் கேக்கறேன்."

ராஜேந்திரன் பேனாவைத் திறந்தார். தாளைப் பார்த்தார். மூடினார்.

"சரி, போ. பாத்துக்கலாம்."

"பாத்துக்கலாம்னா தாளக் குடுங்க. ரசீது இல்லாம வச்சுட்டுப் போமாட்டேன்."

தாளை வாங்கி மடித்து இடுப்பில் செருகிக்கொண்டு வார்டுக்கு வந்தாள். கரண்ட் போயிருந்தது. மானிட்டர் அணைந்திருந்தது. ரம்யா துண்டை விலக்கி வைத்துவிட்டு, தூங்கும் மகளைக் கண் கொட்டாமல் பார்த்துக்கொண்டிருந்தாள். அவள் உதடுகள் எண்ணிக்கொண்டிருந்தன. பாவாயி வந்து நின்றதை அவள் கவனிக்கவில்லை. எழுந்திருக்கவும் இல்லை.