விடுதலையானவர் எடுக்காத டிக்கெட்

இன்று கோர்ட் வாசலில் கீரனூர் பஸ்ஸில் ஏறியவர், துணி மூட்டையோடு என் பக்கத்தில் உட்கார்ந்தார்.

மச்சானின் கையை இவர் உடைத்த வழக்காம். ஆறு மாதம் உள்ளே என்றுதான் நினைத்திருக்கிறார். நயா பைசா வந்த மறு வருடம் டெல்லியில் போட்ட புதுச் சட்டப்படி, ஒரு வருடம் ஒழுங்காக இருப்பதாக எழுதி வாங்கிக்கொண்டு, மாஜிஸ்திரேட் விட்டுவிட்டார்.

“நல்லதுதானே?” என்றேன்.

“ஜெயிலுதான்னு கீரனூர் வீட்டைப் பூட்டிட்டு வந்தேங்க. சாவி பொண்டாட்டிகிட்ட. அவ அன்னவாசல்ல, அண்ணன் வீட்டுல இருக்கா.”

“கை உடைஞ்ச அண்ணனா?”

“அவரேதாங்க.”

கண்டக்டர் வந்து, “எங்கிட்டுப் போகணும்?” என்றார்.

அவர் மூட்டையையே பார்த்துக்கொண்டிருந்தார். “ஜெயிலுன்னா அவங்களே கூட்டிட்டுப் போயிருப்பாங்க” என்றார்.

நீங்களாக இருந்தால் எந்த ஊருக்கு டிக்கெட் எடுப்பீர்கள்?